பானுமதி உண்மையிலேயே இயக்கினாரா? சண்டிராணி, பரணி, மூன்று மொழிப் படப்பிடிப்பு

ரீல்பெட்டி | ஜூன் 2, இரவு 9.10

பானுமதியை நடிகை, பாடகி, எழுத்தாளர் என்றால் யாரும் சண்டைக்கு வரப் போவதில்லை. இயக்குநர் என்பதில்தான் எனக்குச் சந்தேகம். பரணி பிக்சர்ஸ் சொந்தக் கம்பெனி, ஸ்டூடியோவும் சொந்தம். டைட்டிலில் யார் பெயரை வேண்டுமானாலும் போடலாம். சண்டிராணியை (1953) உள்ளபடி எடுத்தது கணவர் ராமகிருஷ்ணாதான் என்று நெடுநாளாக ஒரு பேச்சு ஓடுகிறது. இல்லை என்பவர்கள் காரணம் சொல்லுங்கள். 'தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர்' என்ற ஒற்றை வரியோடு வராதீர்கள்.

மூவியோலா | ஜூன் 2, இரவு 10.35

அந்த ஒற்றை வரியே தவறு. தமிழில் முதலில் இயக்கிய பெண் டி. பி. ராஜலட்சுமி. 1936, மிஸ் கமலா. தான் எழுதிய நாவலைத் தானே படமாக்கி, தானே நடித்தார். பானுமதி வருவது 17 வருஷம் கழித்து.

இப்போது உங்கள் சந்தேகத்துக்கு வருகிறேன். பரணியின் மற்ற படங்களில் இயக்கம் என்று யார் பெயர் இருக்கிறது? ரத்னமாலா, லைலா மஜ்னு (1949), விப்ரநாராயணா (1954), எல்லாவற்றிலும் பி. எஸ். ராமகிருஷ்ண ராவ், அதாவது கணவர். சண்டிராணிக்கு முன்னும் பின்னும் அவரே. நடுவில் ஒரே ஒரு படத்துக்கு, அதுவும் மூன்று மொழியில் எடுத்துக் கம்பெனி தலையில் மூன்று மடங்கு செலவை ஏற்றிய படத்துக்கு, மனைவி பெயரைச் சும்மா போட என்ன அவசியம்? பெயருக்காகப் போடுவதென்றால் பாதுகாப்பான சின்னப் படத்துக்குப் போடுவார்கள்.

ரீல்பெட்டி | ஜூன் 2, இரவு 10.50

இது ஊகம். தளத்தில் என்ன நடந்தது என்பதற்கு இது சாட்சி ஆகாது.

மூவியோலா | ஜூன் 3, காலை 7.20

அப்படியானால் தளத்துக்கே போவோம். ஒரே சமயத்தில் தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும் ஒரு படம் எடுத்தால் என்ன நடக்கும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்.

35 எம்எம் ஃபிலிம், ஒரு அடிக்கு 16 ஃபிரேம். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடினால் நிமிஷத்துக்கு 90 அடி. 1000 அடி சுருள் 11 நிமிஷத்தில் தீர்ந்துவிடும். 16,000 அடிப் படம் கிட்டத்தட்ட 3 மணி நேரம். சிக்கனமாகப் படத்தில் வரும் ஒரு அடிக்கு நாலு அடி என்று எடுத்தாலும் ஒரு மொழிக்கு 64,000 அடி, மூன்று மொழிக்கு 1,92,000 அடி. இது படச் சுருள் மட்டும்தான், ஒலிக்கு வேறு தனிச் சுருள். அன்றைக்கு நெகடிவ் முழுக்க இறக்குமதி. ஊட்டி ஃபிலிம் தொழிற்சாலை வந்தது 60களில். ஆகவே 'எடுத்து வைப்போம், எடிட்டிங்கில் பார்த்துக்கொள்வோம்' என்று யாரும் இருந்திருக்க முடியாது. டேக் ஓகேயா, என்.ஜி.யா (தேறாததா) என்று அங்கேயே, அப்போதே ஒருவர் சொல்லியாக வேண்டும்.

அந்த ஒருவருக்கு மூன்று மொழியிலும் காது வேண்டும். தூரக் காட்சி, குதிரை, சண்டை இவற்றில் வாய் தெரியாது. அடுத்தடுத்த டேக்குகளை மொழிக்கு ஒன்றாகப் பிரித்துக் கொடுக்கலாம். ஒரே நெகடிவிலிருந்து நகல் எடுத்து டூப் நெகடிவ் போட்டால் தரம் விழும் என்பதால் இப்படிச் செய்வதுதான் வழக்கம். குளோசப்பிலும் மிட் ஷாட்டிலும் அந்தச் சலுகை கிடையாது. வசனம் மாறினால் வாய் மாறும், மூன்று முறை நடித்தே தீர வேண்டும். முதல் மொழியில் இருந்த கோபம் மூன்றாவதில் களைத்துப் போயிருக்கும். வசன நீளமும் ஒன்றாக வராது. தமிழில் 4 நொடியில் முடிகிற வரி இந்தியில் 3 நொடியில் முடிந்தால் எதிரே நிற்பவர் திரும்புகிற நேரம் மாறும், அங்கேயே வெட்டும் இடமும் மாறும். மூன்று பதிப்புக்கும் எடிட்டிங் தனித்தனி.

இதையெல்லாம் காமிராவுக்கு முன்னால் நின்றுகொண்டே கணித்தவர் யார் என்பதுதான் கேள்வி. மூன்று மொழியிலும் சொந்தக் குரலில் பேசிப் பாடி, மூன்று பதிப்பிலும் நாயகியாக நின்றவர் பானுமதி.

பாட்டுப்புத்தகம் | ஜூன் 3, காலை 11.05

பாட்டிலிருந்தும் இதைச் சொல்லலாம். தமிழில் 'வான் மீதிலே', தெலுங்கில் 'ஓ தாரகா ஓ ஜாபிலி', இந்தியில் 'சந்தா தலே முஸ்குராயே'. ஆண் குரல் தமிழுக்கும் தெலுங்குக்கும் கண்டசாலா, இந்திக்கு தலத் மஹ்மூத். பெண் குரல் மூன்றிலும் பானுமதியே.

வாயைக் கவனித்துக் கேளுங்கள். தெலுங்குப் பாட்டு உதடு குவிந்த 'ஓ'வில் தொடங்கும். தமிழில் 'வா' என்று கீழுதடு பல்லைத் தொட்டுத் திறந்து, உடனே 'ன்'னில் நாக்கு மேலே போய் அடைக்கும். இந்தியில் பல் தெரியும் 'ச'. முதல் அட்சரத்திலேயே மூன்று முகம். தெலுங்குச் சொற்கள் பெரும்பாலும் உயிரில் முடிவதால் நீட்டினால் வாய் திறந்தே இருக்கும். தமிழ்ச் சொல் ம், ன், ல் என்று அடிக்கடி மூடும். ஒரே மெட்டில் ஒரே நடன அசைவோடு இதைப் படமாக்கும்போது, எந்தச் சொல்லில் குளோசப் வைப்பது என்பது மொழிக்கு மொழி வேறுபடும். நீட்டல் வரும் இடத்தில் வாய் மூடினால் அந்தக் குளோசப் வீண்.

அந்தப் படத்துக்கு இசையமைத்த சி. ஆர். சுப்பராமன் 1952இல் இறந்துவிட்டார். மிச்சத்தை முடித்துக் கொடுத்தது உதவியாளராக இருந்த எம். எஸ். விஸ்வநாதன். இசையமைப்பாளர் பாதியில் போன பிறகும் மூன்று மொழிப் பாட்டும் ஒன்றுக்கொன்று பிசகாமல் நிற்கிறது என்றால், நடுவில் சங்கீதம் தெரிந்த ஒருவர் பிடியை விடாமல் இருந்தார் என்று பொருள்.

ரீல்பெட்டி | ஜூன் 3, மதியம் 1.30

பாட்டு சரி, ஒப்புக்கொள்கிறேன். இரட்டை வேடம்? ஒருத்தி அரண்மனை, ஒருத்தி காடு. இரண்டிலும் அவரே. மானிட்டர் கிடையாத காலம். தன் ஷாட்டைத் தானே எப்படிப் பார்த்திருப்பார்? அங்கே கணவரோ காமிராமேனோதானே முடிவு சொல்லியிருக்க வேண்டும்?

மூவியோலா | ஜூன் 3, இரவு 9.45

அங்கே ஓகே சொன்னது காமிராமேனாகவே இருக்கட்டும். அதனால் இயக்கம் அவர் கைக்குப் போய்விடாது. நடித்துக்கொண்டே இயக்கிய எல்லோரும், ஆண்களும்தான், வீடியோ வரும் வரை இப்படியே செய்தார்கள். அந்தக் கால முறையைச் சொல்கிறேன்.

தன் இடத்தில் அதே உயரமுள்ள ஒருவரை நிறுத்தி, வியூஃபைண்டரில் கண் வைத்துச் சட்டத்தை முடிவு செய்வது. நிற்கும் இடம், திரும்பும் இடம், நிற்காமல் கடக்கும் இடம் மூன்றுக்கும் தரையில் சாக்பீஸ் குறி. பிறகு தான் போய் நின்று ஒத்திகை. அப்போது காமிராமேன் பார்ப்பது குறி தப்புகிறதா என்பதை மட்டும். 'ஸ்டார்ட்', 'கட்' சொல்வது அசோசியேட் இயக்குநர். டேக் முடிந்ததும் காமிராமேனிடம் ஃபோகஸ், சவுண்ட் ரெக்கார்டிஸ்டிடம் வசனம், அசோசியேட்டிடம் கன்டினியூட்டி, இந்த மூன்றைக் கேட்பார்கள். நடிப்பு எப்படி என்று யாரையும் கேட்பதில்லை. அது நடித்தவருக்கே உள்ளே தெரிந்துவிடும். மறுநாளோ அதற்கடுத்த நாளோ ரஷ் (எடிட் செய்யாத பிரிண்ட்) பார்த்து, தேவையென்றால் ரீடேக். செட் பிரிக்கும் முன்பே ரஷ் வந்தாக வேண்டும், இல்லாவிட்டால் அந்தக் காட்சியோடு வாழ வேண்டியதுதான்.

இரண்டு வேடமும் ஒரே சட்டத்தில் வரும் மாஸ்க் ஷாட் இன்னும் கறாரானது. காமிராவை டிராலியிலிருந்து இறக்கி, ஸ்டாண்டின் காலைத் தரையோடு சங்கிலி போட்டுக் கட்டி, மேலே மணல் மூட்டை. லென்ஸுக்கு முன்னால் பாதியை மறைக்கும் கறுப்புத் தகடு. தகட்டின் ஓரம் செட்டில் உள்ள தூண், கதவு நிலை, திரைச்சீலை மடிப்பு மாதிரி செங்குத்தான ஏதாவது ஒன்றின் மேல் விழ வேண்டும், அப்போதுதான் ஒட்டு தெரியாது. தொடக்க ஃபிரேமில் ஓட்டை போட்டு, கவுண்ட்டரைச் சுழியத்தில் வைத்து இடப் பக்கம் நடிக்க வேண்டும். முடிந்ததும் லென்ஸை மூடி ஃபிலிமைச் சுழியம் வரை பின்னுக்கு ஓட்டி, நடிகை உடையும் மேக்கப்பும் மாற்றி வந்து, தகட்டைத் திருப்பிப் போட்டு வலப் பக்கம்.

கெடுவது எங்கே? தகடு மயிரிழை தள்ளினால் நடுவில் கறுப்புக் கோடு, மேலே ஏறினால் வெள்ளைக் கோடு. உடை மாற்றும் நேரத்தில் வோல்டேஜ் இறங்கினாலோ ஆர்க் விளக்கில் கார்பன் மாற்றினாலோ இரண்டு பாதியும் வேறு வேறு வெளிச்சம். கை கோட்டைத் தாண்டினால் விரல் காணாமல் போகும், நிழல் தாண்டினால் நிழல் வெட்டுப்படும். இரண்டாவது பாதி கெட்டால் முதல் பாதியும் சேர்ந்தே போச்சு, ஒரே நெகடிவ். அதனால் முதல் பாதியையே வரிசையாக இரண்டு மூன்று முறை எடுத்து வைத்துக்கொண்டு பிறகு மறு பாதிக்குப் போவார்கள். வசனமும் தளத்திலேயே ஒலிப்பதிவு. இன்னொரு வேடத்தின் வரிகளை யாராவது வெளியே நின்று அதே வேகத்தில் சொல்ல, சரியான இடைவெளி விட்டுப் பதில் பேச வேண்டும். இதை மூன்று மொழியில் செய்யுங்கள்.

இந்தத் தொல்லைக்குப் பயந்துதான் இரட்டை வேடப் படங்களில் பெரும்பகுதி சஜஷன் ஷாட்டில் ஓடும், அதாவது ஒருவர் முதுகைத் தாண்டி மற்றவர் முகம் தெரியும். முதுகு காட்டி நிற்பது டூப்.

பாட்டுப்புத்தகம் | ஜூன் 3, இரவு 10.15

ஒன்று விட்டுப் போச்சு. நடிக்கும் இயக்குநரிடம் வருகிற ஒரு குறை, எதிரே இருப்பவர் பேசும்போது அவர் வசனத்தைத் தன் உதடும் சேர்ந்து முணுமுணுப்பது. எழுதியதும் அவரே என்றால் கட்டாயம் வரும். இன்னொன்று கண். கதாபாத்திரமாகக் கேட்காமல், இயக்குநராக மார்க் போடும் பார்வை. சில நடிக-இயக்குநர் படங்களில் குளோசப்பில் இதைப் பட்டவர்த்தனமாகப் பார்க்கலாம். பானுமதியிடம் அந்தக் குறை இல்லை என்பதே என் கட்சி. எதிராளி பேசும்போது அவர் சும்மா இருப்பார். புருவம்கூட அசையாது. அந்தச் சும்மா இருத்தலில்தான் அவருடைய அலட்சிய அழகு முழுக்க.

ஓங்கோல்காரன் | ஜூன் 4, காலை 6.40

எழுத்துப் பக்கத்தை எல்லோரும் மறந்துவிட்டீர்கள். பிறந்தது 1925, ஓங்கோல் பக்கம் தொட்டவரம். 1939இல் வரவிக்ரயம், முதல் படம். 1943இல் கல்யாணம், 1947இல் கம்பெனி. இதெல்லாம் ஊருக்குத் தெரியும். தெலுங்கு நாட்டில் படம் பார்க்காத வீட்டிலும் பானுமதியைத் தெரிந்தது 'அத்தகாரி கதலு' வழியாக. மாமியாரை மையமாக வைத்த நகைச்சுவைக் கதைகள். மருமகள் சொல்கிற குரலில் ஓடும். மாமியாரைக் கேலிப் பொருளாக்காமல், அவருடைய பிடிவாதத்துக்கு ஒரு நியாயம் வைத்துச் சிரிக்க வைப்பார். காட்சிக்குக் காட்சி ஆள் உள்ளே வருவது, தடுமாறுவது, ஒரு பொருளால் சிக்கல் முறுகுவது, எல்லாம் திரைக்கதைக்காரியின் கை. சுயசரிதை 'நாலோ நேனு', சினிமா பற்றிய சிறந்த நூலுக்கான தேசிய விருது வாங்கியது, 41ஆவது விருதுகளில்.

ஆகவே சண்டிராணியைப் பற்றி மட்டும் பேசி அவர் இயக்குநரா என்று தீர்ப்பு எழுத முடியாது. எழுதத் தெரிந்தவர், சங்கீதம் தெரிந்தவர். சக்ரபாணி (1954) படத்துக்கு இசையும் அவர்தான். நடிப்பு அதற்கு மேல். இத்தனை பிரிவிலும் கை வைக்கத் தெரிந்தவர் அந்த நாற்காலியில் உட்காராமல் இருந்திருந்தால்தான் ஆச்சரியம்.

ரீல்பெட்டி | ஜூன் 4, காலை 9.00

அப்புறம் ஏன் 1953க்குப் பிறகு உடனே தொடர்ந்து இயக்கவில்லை? 70களில்தானே மறுபடி வேகம் பிடிக்கிறார்? இதுதான் என் அடிப்படைச் சந்தேகம்.

மூவியோலா | ஜூன் 4, இரவு 8.25

கால்ஷீட்டைப் பாருங்கள். 1954 மலைக்கள்ளன், 1956இல் அலிபாபாவும் 40 திருடர்களும், மதுரை வீரன், 1958 நாடோடி மன்னன், 1962 அன்னை. தமிழில் மட்டும் இவ்வளவு, தெலுங்கு தனி. உச்சத்தில் இருக்கும் நாயகி ஒரு படத்தை இயக்கினால் கதை, செட், படப்பிடிப்பு, எடிட்டிங், ரீரெக்கார்டிங் எல்லாம் சேர்த்துக் கிட்டத்தட்ட ஒரு வருஷம் வெளிப் படமில்லை. அந்த ஒரு வருஷச் சம்பளமும் சேர்ந்துதான் படச் செலவு. நாயகி வேடம் குறைந்து அம்மா, மாமியார் வேடம் வரும்போது அந்தக் கணக்கு மாறுகிறது. அந்தா மன மஞ்சிகே (1972), தமிழில் இப்படியும் ஒரு பெண் (1975), வாங்க சம்பந்தி வாங்க (1976) எல்லாம் அந்தக் கட்டம். 1982இல் பக்த துருவ மார்க்கண்டேயா, வேடங்கள் எல்லாம் சிறுவர்களுக்கு. பிள்ளைகளை வைத்து எடுப்பதில் டேக் எண்ணிக்கை எகிறும் என்று தெரிந்தே இறங்கியிருக்கிறார்.

இன்னொரு நடிகை-இயக்குநர் சாவித்திரிக்கு இந்தக் கணக்குத்தான் உதைத்தது. 1968இல் சின்னாரி பாப்பலு, முக்கியப் பிரிவுகளில் பெண்களையே வைத்து, பி. லீலா இசையில் நல்ல முயற்சி. மறு வருஷம் அதையே தமிழில் குழந்தை உள்ளம் என்று எடுத்தார். அதுவரை சமாளிக்கலாம். 1971 பிராப்தம், தயாரிப்பு, இயக்கம், நாயகி மூன்றும் அவரே, எதிரே சிவாஜி. தெலுங்குப் படத்தின் தமிழ் வடிவம் அது, மூல மனசுலு தெலுங்கில் பெரிய வெற்றி என்ற நம்பிக்கை.

ஓங்கோல்காரன் | ஜூன் 4, இரவு 8.40

'மூக மனசுலு', மூல அல்ல.

மூவியோலா | ஜூன் 4, இரவு 9.05

ஆம், மூக மனசுலு. தயாரிப்பாளரும் இயக்குநரும் ஒருவரேயானால் 'போதும், நிறுத்து' என்று சொல்ல ஆளில்லை. படப்பிடிப்பு இழுத்தால் வட்டி ஓடும், வட்டியைக் கட்ட வெளிப்படம் ஒப்புக்கொண்டால் சொந்தப் படம் இன்னும் இழுக்கும். பரணியில் இந்த ஓட்டை அடைபட்டிருந்தது. ஒருவர் காமிரா முன்னால் நிற்கும்போது இன்னொருவர் கணக்குப் புத்தகத்தோடு இருந்தார், சாலிகிராமத்தில் தளமும் சொந்தம். ராமகிருஷ்ணாவின் பங்கு அங்கேதான் பெரிது. அதைச் சொல்வதால் பானுமதிக்குக் குறைவில்லை.

பாட்டுப்புத்தகம் | ஜூன் 5, மதியம் 12.20

கொஞ்சம் வெளியே போய் வருகிறேன். 1953ஐ உலகத்தோடு வைத்துப் பாருங்கள். அதே வருஷம் ஹாலிவுட்டில் ஐடா லுப்பினோ தி பிகமிஸ்ட்டில் தன்னைத் தானே இயக்குகிறார். அதே வருஷம் ஜப்பானில் கினுயோ தனாகா, இயக்குநர் மிசோகுச்சி படங்களின் பெரிய நாயகி, காதல் கடிதம் என்ற முதல் படத்தை இயக்குகிறார். அதற்கு முன் இயக்குநர் நருசேயிடம் உதவியாளராகப் போய் நின்று வேலை கற்றுக்கொண்டார். அவர் இயக்குவதை மிசோகுச்சியே எதிர்த்தார் என்பதுதான் வேதனை. ஹாலிவுட், டோக்கியோ, சென்னை என்று மூன்று ஊரில் மூன்று நடிகைகள், ஒரே வருஷம். மற்ற இருவரும் ஒரு மொழியில் எடுத்தார்கள். இரட்டை வேடமும் மூன்று மொழியும் சேர்ந்து சுமந்தவர் நம்மவர் மட்டும்தான்.

1936ம் இப்படித்தான். ராஜலட்சுமி மிஸ் கமலா எடுத்த அதே வருஷம் ஜப்பானில் தசுகோ சகானே இயக்கிய முதல் படமும் வருகிறது.

ரீல்பெட்டி | ஜூன் 5, இரவு 10.10

பன்மொழி என்று பேசினால் ராஜலட்சுமியின் காளிதாஸையும் (1931) சேர்க்க வேண்டும் அக்கா. நாயகி தமிழில் பேச, நாயகன் தெலுங்கில் பதில் சொன்ன படம், இடையில் இந்தியும். பிரதி ஒன்றும் மிஞ்சவில்லை. ஒரே படத்துக்குள் மூன்று மொழி கலந்ததிலிருந்து, ஒரே கதையை மூன்று படமாக எடுப்பது வரை 22 வருஷம்.

சண்டிராணி விஷயத்தில் என் நிலை மாறிவிட்டது. கணவர் எடுத்தார் என்ற பேச்சை இனி எடுக்க மாட்டேன். ஒரே கேள்வி: பிறகு வந்தவர்கள் ஏன் முதல் படத்தில் தாங்கள் நடிக்காமல் ஒதுங்கினார்கள்? இந்திராவில் (1995) சுகாசினி நாயகி இல்லை. மித்ரில் (2002) ரேவதி இல்லை. வங்காளத்தில் அபர்ணா சென்னும் 36 சௌரங்கி லேனில் (1981) ஜெனிபர் கெண்டாலை வைத்தார்.

மூவியோலா | ஜூன் 6, காலை 7.50

கம்பெனி சொந்தமில்லை என்பதே பாதிக் காரணம். தயாரிப்பாளர் வேறு ஆளாக இருக்கும்போது, முதல் படத்தில் நடிப்பும் சேர்த்தால் அவருக்கு இரட்டை ஆபத்து. இன்னொன்று பயிற்சி. சுகாசினி நடிகையாகும் முன்பே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்து அசோக் குமாரிடம் உதவியாளராக இருந்தவர், அவருக்குக் காமிராவுக்குப் பின்னால் நிற்பதுதான் முதல் வேலை. மித்ரில் ரேவதி வைத்த அணி: ஒளிப்பதிவு ஃபௌசியா பாத்திமா, எடிட்டிங் பீனா பால், இசை பவதாரிணி. சாவித்திரி 1968இல் போட்ட விதை. முன்னால் நின்றது ஷோபனா, தேசிய விருதும் அவருக்கு. ரேவதியே அந்த வேடத்தைச் செய்திருந்தால் இந்தப் படம் இப்படி வந்திருக்காது என்றே நினைக்கிறேன். எதிரில் இருப்பவரை முழு நேரமும் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டிய கதை அது.

சண்டிராணியை மறுபடி பார்ப்பவர்களுக்கு ஒரு வழி. இரட்டையர் இருவரும் ஒரே சட்டத்தில் முகம் காட்டும் இடத்தில் படத்தை நிறுத்தி, நடுவில் தூணோ திரையோ இருக்கிறதா என்று தேடுங்கள். இருந்தால் மாஸ்க். இல்லாமல் ஒருத்தி முதுகு காட்டினால் டூப். பிறகு தமிழ், தெலுங்கு இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் ஓடவிட்டு, எந்த ஷாட் இரண்டிலும் நீளம் மாறுகிறது என்று குறியுங்கள். மாறுவதெல்லாம் தனித்தனியாக நடித்தது.

பாட்டுப்புத்தகம் | ஜூன் 6, காலை 8.15

பாட்டுக்கு இதைச் செய்பவர்கள் பல்லவியைத் தாண்டிச் சரணத்தில் பாருங்கள். பல்லவியில் எல்லோரும் கவனமாக இருப்பார்கள். சரணத்தின் இரண்டாவது வரியில்தான் உதடு பிசகும்.